பான்ஃப் ஏரிகளும் பனியாறும்: டூருக்குப் பணம் கட்டும் முன் இதைப் படித்துவிடுங்கள்

ஊரிலிருந்து அம்மா அப்பா வந்து, நயாகராவும் காட்டி முடித்த பிறகு, டொராண்டோ பக்கத்து வீடுகளில் அடுத்ததாக வரும் பேச்சு பான்ஃப், மேற்கே ஆல்பர்ட்டா மாகாணத்து மலைகளில் இருக்கும் தேசியப் பூங்கா. நாங்களும் போன ஜூலையில் அப்படித்தான் கிளம்பினோம். நான், மனைவி, ஐந்து வயது மகள், அறுபத்தெட்டு வயது அம்மா, முட்டி வலியோடு எழுபத்திரண்டு வயது அப்பா. இரண்டே நாள் திட்டம். முதல் நாள் மொரைன் ஏரிக்கு வாடகைக் காரில் போய், தடுப்பில் இருந்தவர் கையைக் காட்ட அப்படியே திரும்பி வந்தோம். இரண்டாம் நாள் ஒரு டூரில் பனியாறு (மலையிலிருந்து மெல்ல நகர்ந்து இறங்கும் பெரும் பனித்திரள், கிளேசியர்) வரைக்கும் போனோம், ஆனால் அதன் மேல் ஏறும் டிக்கெட் நாங்கள் கட்டிய பணத்தில் இல்லை என்பது அங்கே போய்த்தான் தெரிந்தது, கவுன்டரில் கேட்டால் எங்கள் பேருந்து கிளம்பும் நேரத்துக்குள் ஒரு இடமும் இல்லை. ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் கடந்து வந்த அப்பா, கார் நிறுத்துமிடத்தில் நின்று கண்ணுக்கு மேல் கையை வைத்து எதிர்ப்பக்கத்துப் பனியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதை என்னால் மறக்கவே முடியவில்லை. மறுநாளும் தங்கி, வேறு டூர் பிடித்து, அவரை மேலே ஏற்றிய பிறகுதான் ஊர் திரும்பினோம்.

உங்களுக்கு அந்த அலைச்சல் வேண்டாம். கீழே இருப்பதை வரிசையாகச் செய்யுங்கள்.

1. ஏரிகள் ஒரு நாள், பனியாறு ஒரு நாள்

வரைபடத்தை ஒரு தடவை பார்த்தாலே பாதிக் குழப்பம் போய்விடும். பான்ஃப் ஊரிலிருந்து லேக் லூயிஸ் சுமார் 58 கிலோமீட்டர். அங்கிருந்து மொரைன் ஏரி 14 கிலோமீட்டர். இந்த இரண்டும் ஒரு கூட்டம். பனியாறு அப்படியல்ல. ஐஸ்ஃபீல்ட்ஸ் பார்க்வே என்கிற 93ஆம் எண் சாலையில் லேக் லூயிஸைத் தாண்டி வடக்கே இன்னும் 130 கிலோமீட்டர் போனால்தான் கொலம்பியா ஐஸ்ஃபீல்டு மையம், அதன் எதிரே அத்தபாஸ்கா பனியாறு. பான்ஃபிலிருந்து கணக்குப் போட்டால் ஒரு வழிக்கே 188 கிலோமீட்டர்.

ஒரே நாளில் நான்கு ஏரியும் பனியாறும் என்று விற்கும் டூர்கள் இருக்கின்றன, பொய் இல்லை, எல்லா இடத்திலும் நிறுத்துவார்கள். ஆனால் ஒவ்வொரு இடத்திலும் பதினைந்து இருபது நிமிடம். வயதானவர்கள் பேருந்திலிருந்து இறங்கி, கழிப்பறை வரிசையில் நின்று வருவதற்குள் ஓட்டுநர் கூப்பிடுவார். ஒரு நாள்தான் இருக்கிறது என்றால் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுங்கள். என்னைக் கேட்டால் பனியாற்றுப் பக்கம்தான், ஏனென்றால் அந்தச் சாலையிலேயே போ ஏரி, பெய்டோ ஏரி இரண்டும் வந்துவிடும்.

2. தேதி: ஜூன் கடைசி முதல் செப்டம்பர் நடு வரை

மே மாதம் விமான டிக்கெட் மலிவாக இருக்கிறதே என்று போய்விடாதீர்கள். லேக் லூயிஸ் ஜூன் முதல் வாரம் வரைகூட உறைந்து கிடக்கும். மொரைன் ஏரி அதைவிட உயரம், போகும் சாலையே ஜூன் 1 வாக்கில்தான் திறக்கிறது, அக்டோபர் நடுவில் மூடிவிடுகிறார்கள். படத்தில் பார்க்கிறோமே அந்த மயில்கழுத்து நிறம், அது வருஷம் முழுக்க இருப்பதில்லை. பனியாறு நகரும்போது அடியில் உள்ள பாறையை அரைத்து மாவாக்குகிறது, கோடையில் பனி உருக உருக அந்தப் பாறை மாவு தண்ணீரோடு வந்து ஏரியில் மிதக்கிறது, அதில் வெளிச்சம் பட்டுத்தான் அந்த நிறம். ஆகவே ஜூலை, ஆகஸ்ட்டில்தான் நிறம் நன்றாக ஏறியிருக்கும். மேகமூட்டமான நாளில் கொஞ்சம் மங்கும்.

செப்டம்பர் மூன்றாம் வாரத்தை ஒட்டி லார்ச் என்ற ஊசியிலை மரங்கள் மஞ்சளாகும், அதைப் பார்க்கவும் பெருங்கூட்டம் வரும். ஜூலை 1 கனடா தினத்தையும் ஆகஸ்ட் முதல் திங்களை ஒட்டிய நீண்ட வார இறுதியையும் தவிர்த்துவிடுங்கள். பனியாற்று வண்டிகள் ஏறக்குறைய மே முதல் அக்டோபர் நடு வரை ஓடும்.

3. கால்கரியில் ஏறாதீர்கள்

விமானம் கால்கரிக்குத்தான் போகும், அதனால் அங்கேயே ஹோட்டல், அங்கேயே டூர் என்று தோன்றும். அறை வாடகையும் குறைவு. ஆனால் கால்கரியிலிருந்து பனியாறு ஒரு வழிக்கு 300 கிலோமீட்டருக்கு மேல். காலை ஆறரைக்கு ஏறினால் இரவு எட்டு, ஒன்பது. பிள்ளைகளும் பெரியவர்களும் துவண்டுபோவார்கள்.

பான்ஃபில் தங்குங்கள், இல்லையென்றால் 20 நிமிடம் தள்ளி இருக்கும் கேன்மோரில். கேன்மோரில் வாடகை கொஞ்சம் குறையும், சமையலறையோடு அறைகளும் கிடைக்கும், நம் ஆட்களுக்கு அது பெரிய விஷயம். பெரும்பாலான டூர்கள் இரண்டு ஊர்களிலும் ஹோட்டல் வாசலிலேயே வந்து ஏற்றிக்கொள்ளும். ஜூலை அறையை மார்ச், ஏப்ரலிலேயே போட்டுவிடுங்கள்.

4. ஆவணங்கள்

இந்தியாவிலிருந்தே நேராக இதற்காக வருபவர்களுக்குப் பார்வையாளர் விசா வேண்டும். கட்டணம் ஒருவருக்கு 100 கனடா டாலர், கைரேகைப் பதிவுக்கு இன்னொரு 85 டாலர், குடும்பமாகச் சேர்ந்து விண்ணப்பித்தால் கைரேகைக்கு அதிகபட்சம் 170. ஒரு தடவை கொடுத்த கைரேகை பத்து வருஷம் செல்லும். விசா கைக்கு வருவதற்குள் திருப்பித் தராத டூரையும் அறையையும் போட்டுவிடாதீர்கள்.

ஏற்கெனவே இங்கே பிள்ளைகள் வீட்டில் இருக்கும் பெற்றோருக்கு உள்நாட்டு விமானத்தில் பாஸ்போர்ட் போதும். போட்டோ மட்டும் எடுத்து போனில் வைத்துக்கொண்டு அசலை வீட்டில் விட்டுவிடாதீர்கள். சூப்பர் விசாவில் (பெற்றோர் நீண்ட நாள் தங்குவதற்கான விசா) வந்தவர்களுக்குக் கட்டாயக் காப்பீடு ஒன்று எடுத்திருப்பீர்கள் அல்லவா, அதன் பாலிசி எண்ணும் அவசரத் தொலைபேசி எண்ணும் காகிதத்தில் எழுதி அவர்கள் பையிலேயே இருக்கட்டும். காகிதம் என்று சொல்வதற்குக் காரணம், லேக் லூயிஸ் தாண்டினால் அந்தச் சாலையில் பெரும்பகுதிக்கு செல்போன் சிக்னலே கிடையாது.

ஒன்டாரியோக்காரர்கள் கவனிக்க: உங்கள் ஓஹிப் (மாகாண அரசு மருத்துவக் காப்பீடு) அட்டை வெளி மாகாணத்தில் ஆம்புலன்ஸ் செலவை ஏற்காது. அலுவலகக் காப்பீட்டில் அது இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, இல்லையென்றால் சின்னதாக ஒரு பயணக் காப்பீடு எடுத்துவிடுங்கள்.

பனியாற்று மேல் நிற்கும் இடம் கடல்மட்டத்திலிருந்து சுமார் 2,200 மீட்டர், கிட்டத்தட்ட நம் ஊட்டி உயரம். பொதுவாகப் பயப்பட ஒன்றுமில்லை, ஆனால் இதயச் சிகிச்சை செய்துகொண்டவர்கள் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வரட்டும்.

5. டூர் பக்கத்தில் எதைப் படிக்க வேண்டும்

நான் ஏமாந்த இடம் இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

தலைப்பில் "கொலம்பியா ஐஸ்ஃபீல்டு டூர்" என்று இருந்தால் பனியாற்றின் மேல் கூட்டிப் போவார்கள் என்று அர்த்தமில்லை. அந்த இடத்துக்குக் கூட்டிப் போவார்கள், அவ்வளவுதான். மேலே ஏறுவதற்கு ஐஸ் எக்ஸ்ப்ளோரர் என்ற ராட்சத வண்டி, அதற்குத் தனி டிக்கெட், பெரியவர்களுக்கு வரியோடு 100 டாலருக்கு மேல் வரும். தேதியையும் நேரத்தையும் பொறுத்து விலை மாறும். "சேர்ந்தவை" என்ற பட்டியலில் ஐஸ் எக்ஸ்ப்ளோரர் என்ற பெயர் எழுத்தால் இருக்கிறதா என்று பாருங்கள். "அங்கே விருப்பப்பட்டால் வாங்கிக்கொள்ளலாம்" என்று இருந்தால் அதை நம்பிப் போகாதீர்கள். ஜூலை நடுப்பகலில் அங்கே போய் வாங்க முடிவது அதிர்ஷ்டம். அப்படிப்பட்ட டூர்தான் எடுக்கிறீர்கள் என்றால், எத்தனை மணிக்கு அங்கே சேர்வோம், எவ்வளவு நேரம் நிற்போம் என்று நடத்துபவரிடம் எழுத்தில் கேட்டு, அதற்கேற்ற நேர டிக்கெட்டை நீங்களே முன்கூட்டி வாங்கிவிடுங்கள்.

அடுத்தது ஸ்கைவாக். பள்ளத்தாக்குக்கு மேல் சுமார் 280 மீட்டர் உயரத்தில் கண்ணாடித் தரை. பனியாற்று டிக்கெட்டோடு சேர்த்தே பெரும்பாலும் விற்கிறார்கள். தலைசுற்றல் உள்ளவர்கள் கண்ணாடியில் கால் வைக்காமல் ஓரமாகவே நின்று பார்க்கலாம். இரண்டும் சேர்ந்தால் மூன்று மணி நேரம் ஆகும், அவ்வளவு நேரம் உங்கள் டூரில் இருக்கிறதா என்று பாருங்கள்.

மூன்றாவது, நடந்தே பனியாற்றில் ஏறும் வழிகாட்டி நடை. அதையும் டூர் என்றுதான் போட்டிருப்பார்கள். இரும்புப் பல் வைத்த காலணி மாட்டிக்கொண்டு பல மணி நேரம் நடக்க வேண்டும். பெயரைச் சரியாகப் பார்க்காமல் பெரியவர்களுக்கு இதைப் பதிவு செய்துவிடாதீர்கள்.

அப்புறம் குழந்தை இருக்கை. ஆல்பர்ட்டாவில் 6 வயதுக்குள், 18 கிலோவுக்குள் உள்ள பிள்ளைக்கு வண்டியில் குழந்தை இருக்கை வேண்டும். பெரிய பேருந்தில் பிரச்சினை இல்லை, பன்னிரண்டு பேர் வேன் என்றால் முன்னாலேயே சொல்லிவிடுங்கள், இல்லையென்றால் ஏற்றத் தயங்குவார்கள்.

பணத்தைப் பார்க்காமல் இருப்பவர்கள் இதை விட்டுவிடலாம், மற்றவர்களுக்கு: பனியாற்றின் முனைக்குப் பூங்கா அனுமதியைத் தவிர வேறு கட்டணம் இல்லாமலே போகலாம். சாலைக்கு எதிர்ப்பக்கம் நிறுத்துமிடத்திலிருந்து குறுகிய பாதை, ஏற்றமாக இருக்கும். அங்கே கயிறு, பலகை தாண்டிப் பனியில் கால் வைக்கவே கூடாது. மேலே மெல்லிய பனி மூடி, உள்ளே ஆழமான வெடிப்பு இருக்கும், விழுந்து இறந்தவர்கள் இருக்கிறார்கள்.

6. மொரைன் ஏரிக்குக் கார் கிடையாது

2023 முதல் மொரைன் ஏரி சாலையில் சொந்தக் கார், வாடகைக் கார் எதற்கும் அனுமதி இல்லை. இது தெரியாமல்தான் நாங்கள் காலை ஐந்து மணிக்கே எழுந்து போய்த் திரும்பினோம். மாற்றுத்திறனாளி நிறுத்துமிட அட்டை உள்ள வண்டிக்கு மட்டும் விலக்கு உண்டு.

போக முக்கியமாக இரண்டு வழி. ஒன்று, வழிகாட்டியோடு வரும் டூர், ஒருவருக்கு 100 டாலரை ஒட்டியோ அதற்கு மேலோ ஆகும். இன்னொன்று, தேசியப் பூங்காக்களை நிர்வகிக்கும் பார்க்ஸ் கனடா நடத்தும் ஷட்டில் பேருந்து, பெரியவர்களுக்கு 8 டாலர், மூத்தவர்களுக்கு அதில் பாதி, 17 வயது வரை இலவசம், பதிவுக்குச் சின்னக் கட்டணம். லேக் லூயிஸ் பனிச்சறுக்கு மையத்து நிறுத்துமிடத்திலிருந்து கிளம்பும். ஒரே சீட்டில் இரண்டு ஏரிக்கும் நடுவே ஓடும் பேருந்திலும் ஏறலாம்.

இருக்கைகளில் ஒரு பங்கை ஏப்ரலில் விடுவார்கள், மீதியைப் பயணத்துக்கு இரண்டு நாள் முன்பு காலை 8 மணிக்கு. அந்த 8 மணி அவர்கள் ஊர் நேரம். டொராண்டோவில் காலை 10, இந்தியாவில் இரவு ஏழரை. கணக்கை முன்னாலேயே திறந்து, உள்ளே நுழைந்து தயாராக உட்காருங்கள், காலை நேர இருக்கைகள் சில நிமிடங்களில் போய்விடும்.

லேக் லூயிஸ் கரையில் கார் நிறுத்தலாம், ஆனால் கோடையில் ஒரு நாளுக்கு 35 டாலருக்கு மேல், அதிலும் விடியும் முன்பே நிரம்பிவிடும். அங்கே படகு வாடகை மணிக்கு 100 டாலரைத் தாண்டும். கரையோரம் நடப்பதற்குக் காசு இல்லை, பாதை சமதளம், அப்பா கம்பே இல்லாமல் நடந்தார். மொரைனில் கற்குவியல் மேல் ஏறித்தான் அந்தப் பிரபலமான காட்சி, படிக்கட்டு உண்டு. முட்டி வலி உள்ளவர்கள் கீழேயே கரையில் உட்காரலாம், அங்கிருந்தும் நிறம் நன்றாகத் தெரியும்.

7. பூங்கா அனுமதி, வரி, டிப்ஸ்

தேசியப் பூங்காவுக்குள் நுழையத் தனிக் கட்டணம், பெரியவர்களுக்கு நாளுக்கு 11, 12 டாலர், ஒரே காரில் குடும்பமாகப் போனால் மொத்தமாக 22 முதல் 25 டாலருக்குள். 17 வயது வரை இலவசம். டூர் கட்டணத்தில் இது சேர்ந்ததா என்று கேளுங்கள். 2025 கோடையில் ஜூன் 20 முதல் செப்டம்பர் 2 வரை எல்லாருக்கும் இலவசமாக விட்டார்கள், நீங்கள் போகும் வருஷத்தில் என்ன என்று பார்த்துவிட்டு வாங்குங்கள்.

ஆல்பர்ட்டாவில் வரி 5 சதவீதம்தான். ஆனால் வழிகாட்டிக்கும் ஓட்டுநருக்கும் டிப்ஸ் எதிர்பார்ப்பார்கள், ஒருவருக்குப் பத்துப் பதினைந்து டாலர் ஒதுக்கிவிடுங்கள். எல்லாம் சேர்ந்த முழுநாள் பனியாற்று டூருக்கு ஒருவருக்கு 200 முதல் 300 டாலர் என்று கணக்குப் போடுங்கள்.

8. உடை, சாப்பாடு

கீழே 25 டிகிரி வெயில் அடிக்கும், பனியாற்று மேல் நிற்கும்போது பனிமீதே உருண்டு வரும் காற்று காதை வெட்டும். ஜூலையானாலும் ஸ்வெட்டர், காற்று புகாத ஜாக்கெட், காது மூடும் தொப்பி. வெயிலில் பனி கண்ணைக் கூசச்செய்யும், கறுப்புக் கண்ணாடி எல்லாருக்கும் அவசியம். சேலை வேண்டாம். அம்மா சேலைதான் கட்டுவேன் என்று வந்து, உருகிய தண்ணீரில் கீழ்க்கரை முழுக்க நனைந்து, திரும்பும் வழியெல்லாம் நடுங்கிக்கொண்டே உட்கார்ந்திருந்தார். சுடிதாரும் நல்ல பிடிமானமுள்ள ஷூவும் போதும். செருப்பு கூடவே கூடாது.

அந்தச் சாலையில் சைவச் சாப்பாடு கிடைப்பது சிரமம், விலையும் அதிகம். புளிசாதம், சப்பாத்தி, வாழைப்பழம் கட்டிக்கொண்டு போய்விடுங்கள். மீதியை அணிலுக்கோ பறவைக்கோ போடாதீர்கள், பூங்காவில் விலங்குகளுக்கு உணவு கொடுப்பது குற்றம், அபராதம் 25,000 டாலர் வரை போகும். கரடி இருக்கும் காடு, சாப்பாட்டுப் பையை மேசைமேல் விட்டுவிட்டு நகரவும் கூடாது.

9. அன்றைய நாள் எப்படிப் போகும்

காலை எட்டு மணி வாக்கில் பேருந்து வரும். வலப்பக்கம், இடப்பக்கம் என்று சண்டை வேண்டாம், இரண்டு பக்கமும் மலைதான். போ ஏரியில் ஒரு நிறுத்தம், அதன் பிறகு பெய்டோ. பெய்டோவில் சொந்தக் காரில் வருபவர்கள் கீழே நிறுத்திவிட்டு ஏற வேண்டும், டூர் பேருந்துக்கு மேல் நிறுத்துமிடம் வரை போக அனுமதி உண்டு, பெரியவர்களுக்கு அது பெரிய நிம்மதி. நிறுத்தங்களில் இருப்பவை பெரும்பாலும் தண்ணீர் இல்லாத கழிப்பறைகள், டிஷ்யூவும் கை சுத்தம் செய்யும் ஜெல்லும் கையில் இருக்கட்டும்.

மையத்தில் இறங்கியதும் முதல் வேலையாகக் கழிப்பறை. பிறகு சாதாரணப் பேருந்தில் மலையோரம் வரை, அங்கே இறங்கி ஐஸ் எக்ஸ்ப்ளோரருக்கு மாற வேண்டும். அதன் டயர் என் தோள் உயரம். செங்குத்தாக ஒரு சரிவில் ஊர்ந்து இறங்கும்போது முன்கண்ணாடியில் பனி மட்டும்தான் தெரியும், சீட் பெல்ட்டைப் போட்டுக்கொள்ளுங்கள். மேலே சுமார் அரை மணி நேரம் இறக்கிவிடுவார்கள், எல்லை குறித்திருப்பார்கள், அதைத் தாண்டக் கூடாது.

அந்த அரை மணியில் போட்டோவே எடுத்துக்கொண்டிருக்காதீர்கள். குனிந்து பாருங்கள். தூரத்தில் வெள்ளையாகத் தெரிந்த பனி கிட்டத்தில் சாம்பலும் கருப்புப் பொடியுமாகச் சொரசொரவென்று இருக்கும், அதன் நடுவே விரல் அகல ஓடை ஒன்று நீலமாக வெட்டிக்கொண்டு சளசளவென்று ஓடும். அம்மா கொண்டுவந்த எவர்சில்வர் பாட்டிலை அதில் அழுத்திப் பிடித்தார், நிரம்பியதும் கை சிவந்துவிட்டது. அப்பா இரண்டு கையாலும் என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார், ஒன்றும் பேசவில்லை. 6 கிலோமீட்டர் நீளப் பனியாறு, வருஷத்துக்குச் சுமார் 5 மீட்டர் கனம் குறைந்துகொண்டே வருகிறது. எந்த ஆண்டில் எதுவரை பனி இருந்தது என்று முனைக்குப் போகும் பாதையில் பலகை நட்டிருக்கிறார்கள், அவற்றைப் பார்த்த பிறகு இன்னும் சில வருஷம் கழித்துப் போகலாம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

10. புகை, ரத்து, விமானம்

ஜூலைக் கடைசி, ஆகஸ்ட்டில் காட்டுத்தீப் புகை வரலாம். 2024 ஜூலையில், பனியாற்றுக்கு வடக்கே இருக்கும் ஜாஸ்பர் ஊரே தீயில் சிக்கியது, பனியாற்றுச் சாலையையும் மூடினார்கள். முந்தின இரவு 511 ஆல்பர்ட்டா என்ற மாகாணச் சாலைத் தகவல் சேவையில் சாலை நிலவரம் பாருங்கள். டூர் பதியும்போதே ரத்து விதியைப் படியுங்கள், 24 மணி நேரம், 48, 72 என்று ஆளுக்கொன்று வைத்திருக்கிறார்கள். நடத்துபவர் ரத்து செய்தால் முழுப் பணமா, நீங்கள் புகைக்குப் பயந்து விலகினால் என்ன என்று இரண்டையும் தனித்தனியாகக் கேளுங்கள்.

டூர் சீட்டு, ஷட்டில் சீட்டு, பூங்கா அனுமதி மூன்றையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள், சிக்னல் இல்லாத இடத்தில் மின்னஞ்சல் திறக்காது.

பனியாற்று நாளைக் கடைசி நாளாக வைக்காதீர்கள். முதல் நாளே போட்டுவிடுங்கள், மழையோ புகையோ வந்தால் மாற்ற அடுத்த நாள் இருக்கும். நாங்கள் கடைசியில் வைத்ததால் ஐந்து பேர் விமான டிக்கெட்டையும் மாற்ற வேண்டியதாயிற்று, அந்தத் தொகைக்குக் கேன்மோரில் இன்னும் இரண்டு இரவு தங்கியிருக்கலாம்.